அந்தப் பக்கத்தின் மூன்றாம் விதி

எனக்கு ஏழு வயதில் காது போயிற்று. காய்ச்சல் பதினோரு நாள் இருந்தது. போகும்போது சும்மா போகாமல் காதையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இனி இதில் யாராவது பேசியதாக நான் எழுதினால், அது நான் கண்ணால் பிடித்த பேச்சு. உதடு, கழுத்து, புருவம் மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் முக்கால்வாசி கிடைத்துவிடும். மீசை வைத்தவர்களோடு மட்டும் எனக்கு ஒத்துப்போகாது.

நைனாவுக்கு (அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவோம்) ரயில்வேயில் தண்டவாளம் செப்பனிடும் கேங்மேன் வேலை. அம்பத்தூரில் தண்டவாளத்தை ஒட்டி எங்களுக்கு ஓர் அறை வீடு. காது போன பிறகு இரண்டு வருஷம் எல்லாரும் என்னிடம் ஒரே பொய்யைச் சொன்னார்கள். "வந்துரும்" என்று நைனா சொன்னார். அம்மா சொன்னாள். மருந்து கொடுத்த கம்பவுண்டர் சொன்னார். தினமும் காலையில் எழுந்ததும் கையைத் தட்டிப் பார்ப்பேன். வராத காதின் மேல் வந்த கோபத்தைவிட, வரும் என்று சொன்னவர்கள் மேல் வந்த கோபம்தான் பெரிது.

அண்ணன்தான் கடைசியில் உண்மையைச் சொன்னான். அவன் என்னைவிட இரண்டு வயது மூத்தவன். ஒரு நாள் பள்ளிக்கூடம் விட்டு வந்து, பையைக்கூடக் கழற்றாமல், சிலேட்டில் 'வராது' என்று எழுதி என் முன்னால் வைத்தான். நான் அதே சிலேட்டை எடுத்து அவன் முட்டியில் ஓங்கி அடித்தேன். அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது. அதற்குப் பிறகு உலகத்தில் அவன் ஒருவனைத்தான் நம்பினேன்.

எங்கள் வீட்டுச் சுவரில் ஒரு பலகை இருந்தது. அதன்மேல் பாத்திரங்களை வரிசையாகக் கவிழ்த்து வைத்திருப்பாள் அம்மா. ரயில் வருவது என் உள்ளங்காலுக்கு முன்கூட்டியே தெரிந்துவிடும். உடனே பலகையைப் பார்ப்பேன். சரக்கு வண்டி போனால் எல்லாப் பாத்திரமும் சும்மா இருக்க, ஒரு பித்தளைச் சொம்பு மட்டும் நடுங்கும். பாசஞ்சர் போனால் சொம்பு கம்மென்று இருக்கும், மூலையில் இருக்கும் தட்டு ஒன்று ஆடும். அண்ணனை இழுத்துக்கொண்டு வந்து காட்டினேன். அவன் வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தான். பிறகு என் பக்கம் திரும்பி, வாயை நன்றாகத் திறந்து சொன்னான்.

"ரயிலு சொம்ப தொடவே இல்ல. ஆனா சொம்பு பதில் சொல்லுது பாத்தியா?"

அந்த வாரம்தான் அவன் வகுப்பில் வாத்தியார் இரண்டு இரும்பு இசைக்கவைகளைக் கொண்டுவந்து, ஒன்றைத் தட்டி, தொடாத இன்னொன்று தானாக ஒலிப்பதைக் காட்டியிருக்கிறார். இப்போது பாடப்புத்தகத்தில் ஒத்ததிர்வு என்று போடுகிறார்கள். அண்ணனுக்கு அன்று தெரிந்தது ரெசனன்ஸ் என்ற ஒரே வார்த்தை. அதை வைத்துக்கொண்டு நாங்கள் இருவரும் ஒரு பிரபஞ்சத்தையே கட்டிவிட்டோம்.

அதற்கு 'அந்தப் பக்கம்' என்று பெயர். நைனா கொண்டுவந்த பழைய ரிஜிஸ்தர் ஒன்றின் காலிப் பக்கங்களில் அதை எழுதினோம். அந்தப் பக்கத்தில் காற்று கிடையாது. ஆகையால் யாருக்கும் காது கிடையாது. (இது என் நிபந்தனை. அண்ணன் மறுபேச்சில்லாமல் ஒப்புக்கொண்டான்.) அங்கே சூரியன் வெளிச்சம் தராது, நடுவில் நின்று ஒரே சீராக நடுங்கிக்கொண்டிருக்கும். அது நான்கு நடுங்கு நடுங்கினால் பக்கத்துக் கிரகம் இரண்டு நடுங்கும், அதற்கடுத்தது ஒன்று. அந்தக் கணக்கு ஒத்துப்போவதால்தான் கிரகங்கள் விழாமல் சுற்றுகின்றன. அங்குள்ளவர்கள் கல்லால் ஆனவர்கள். வணக்கம் சொல்ல வேண்டுமானால் நெற்றியோடு நெற்றியை வைப்பார்கள். யாராவது பொய் சொன்னால், சொல்லின் நடுக்கமும் நெஞ்சின் நடுக்கமும் கொஞ்சம் விலகி, கூடிக் குறைந்து ஆடும். பக்கத்தில் நிற்பவருக்கு உடனே தெரிந்துவிடும். அந்தப் பகுதியை எழுதும்போது எனக்கு இருந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது.

விதிகள் தனிப் பக்கத்தில் இருந்தன. ஒவ்வொரு விதியின் கீழும் இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டால்தான் அது செல்லும். முதல் விதி: எந்தப் பொருளுக்கும் பிறவியிலேயே ஒரு நடுக்கம் உண்டு, அதை மாற்ற முடியாது. இரண்டாம் விதி: ஒரே நடுக்கம் உள்ள இரண்டில் ஒன்றை அசைத்தால், எவ்வளவு தூரத்தில் இருந்தாலும் மற்றது பதில் சொல்லும்.

மூன்றாம் விதி என் பன்னிரண்டாவது வயதில் வந்தது. அதுவரை நான் எல்லாரையும் போல வாயைத் திறந்து பேசிக்கொண்டுதான் இருந்தேன். அம்மாவோடு பூந்தமல்லிக் கடைத்தெருவுக்குப் போனபோது, ரிப்பன் விற்பவனிடம் "நீலம் குடு" என்றேன். அவன் சிரித்தான். பக்கத்துக் கடைக்காரன் சிரித்தான். ரிப்பன் வாங்க வந்த இரண்டு பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அம்மாவைப் பார்த்தேன். அவள் தலையைக் குனிந்துகொண்டிருந்தாள். என் குரல் எப்படியோ ஆகிவிட்டது, வீட்டில் யாரும் அதை என்னிடம் சொல்லவில்லை என்று அந்தத் தலையைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

அன்று வாயை மூடினவள்தான். சாயங்காலம் ரிஜிஸ்தரை எடுத்து எழுதினேன்: 'மூன்றாம் விதி. பதிலை வாங்க முடியாதவரின் நடுக்கம் யாரையும் போய்ச் சேராது.' கையெழுத்தைப் போட்டு அண்ணனிடம் நீட்டினேன். அவன் படித்துவிட்டு, பென்சிலைக் காதில் செருகிக்கொண்டு, "யோசிக்கணும்" என்றான். பிறகு பல வருஷம் யோசித்துக்கொண்டே இருந்தான்.

யுத்த காலத்தில் எனக்குக் கல்யாணம் ஆயிற்று. மாப்பிள்ளை சென்னீர்குப்பம். நிலம் நீச்சு உள்ள குடும்பம்தான், ஆனால் அவர் ஆவடியில் புதிதாக வந்த பட்டாளத்து டிப்போவில் லாரிகளுக்குப் பச்சைச் சாயம் அடிக்கிற வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார். பெண் பார்க்க வந்தபோது அவருக்கு அடர்த்தியான மீசை. மீசைக்காரர் பேசினால் என் தங்கைக்குப் புரியாது என்று அண்ணன் சொல்லியிருக்கிறான். தாலி கட்டின அன்று பார்க்கிறேன், மூக்குக்குக் கீழே ஒன்றுமே இல்லை. அதற்காகவே அவரை எனக்குப் பிடித்துப்போயிற்று.

அந்த வீட்டில் ஆட்சி நாத்தனாருடையது. கணவரின் அக்கா, எனக்கு அண்ணி முறை, புருஷனை இழந்து தம்பியோடு வந்து இருந்தவர். அவருக்கு அகலமான வாய். ஒரு திட்டுகூட வீணாகாமல் எனக்கு வந்து சேரும். கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். எனக்குப் பிரசவம் பார்த்து, பத்தியம் பார்த்து, பெண் குழந்தை பிறந்ததும் முதலில் கையில் வாங்கியவர் அவர்தான். ஆனால் குழந்தைக்கு மூன்று மாதம் ஆனதிலிருந்து ஒரே பேச்சு.

"கூப்டா திரும்பல. செவிடி பெத்தது செவிடாதான் கீது."

என் காது காய்ச்சலில் போனது, பிறவியில் இல்லை என்று சிலேட்டில் எழுதிக் காட்டலாம் என்றால் அவருக்கு எழுத்து தெரியாது. கணவர் எடுத்துச் சொன்னார். நாத்தனார் கேட்டுக்கொண்டு, மறுநாள் காலையில் மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். "ஒரு செவிடிய கட்டிகினு வந்ததே போதும். இதுக்கு எவன் வருவான்?"

கணவர் என்னிடம் மட்டும் தனியாகச் சொல்வார். "கேக்குதும்மே. நல்லா கேக்குது. நீ ஒண்ணும் பயப்படாத."

நான் அவர் முகத்தைப் பார்ப்பேன். நைனா "வந்துரும்" என்று சொல்லும்போது வைத்திருந்த அதே முகம். ஒருவர் கேட்கவில்லை என்கிறார், ஒருவர் கேட்கிறது என்கிறார். இரண்டு பேரும் தங்கள் மனசில் இருப்பதைத்தான் சொல்கிறார்கள். என் குழந்தைக்குக் காது கேட்கிறதா என்று எனக்குத் தெரிய வேண்டும். அதை நானே பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும். கேட்காதவள் அதை எப்படிப் பார்ப்பது?

வழி கண்டுபிடித்தேன். வீட்டில் யாரும் இல்லாத ஒரு மத்தியானம் குழந்தையைப் பாயில் படுக்கவைத்தேன். அது கூரையைப் பார்த்துக் காலை உதைத்துக்கொண்டிருந்தது. பின்னால் போய், உலக்கையைத் தூக்கித் தரையில் போட்டேன். குழந்தை தூக்கிவாரிப்போட்டு என் பக்கம் தலையைத் திருப்பியது. எனக்குக் கண்ணீர் கொட்டியது. மறுபடி போட்டேன், மறுபடி திரும்பியது. சாயங்காலம் கணவருக்கும் நாத்தனாருக்கும் போட்டுக் காட்டினேன். கணவர் கடைக்கு ஓடிப்போய் பூந்தி வாங்கிவந்து தெருவுக்கெல்லாம் கொடுத்தார். நாத்தனார்கூட ஒரு பிடி வாயில் போட்டுக்கொண்டார்.

அண்ணன் அப்போது வேப்பம்பட்டு ஸ்டேஷனில் தந்தி அடிக்கும் வேலையில் இருந்தான். அவனுக்கு உடனே கடிதம் போட்டேன். எங்கள் கடிதங்களில் அந்தப் பக்கம் தொடர்ந்து நடந்துகொண்டிருந்தது. இதையும் அந்த ஊர்ச் சேதியாகவே எழுதினேன்: 'அந்தப் பக்கத்தில் ஓர் ஊமைக் கல்லிலிருந்து சின்னக் கல் ஒன்று பிறந்தது. அதற்குக் காது இருக்கிறது. உலக்கையால் நிரூபித்தாகிவிட்டது.'

நான்காம் நாள் பதில் வந்தது. வழக்கமாக நான்கு பக்கம் எழுதுகிறவன், நான்கு வரி எழுதியிருந்தான். 'நீ உலக்கையைத் தரையில் போட்டாய். உனக்குத் தரைதான் காது. அவளும் பாயில்தான் படுத்திருந்தாள். அவள் கேட்டாளா, உன்னைப் போல உணர்ந்தாளா? சோதனை செல்லாது. மன்னித்துக்கொள்.'

கடிதத்தைக் கசக்கி அடுப்பில் போட்டேன். அவன் கையில் கிடைத்திருந்தால் இன்னொரு முட்டியும் போயிருக்கும். காது கேட்கிற எந்தத் தாயும் இந்தத் தப்பைச் செய்திருக்க மாட்டாள். பன்னிரண்டு பதின்மூன்று வருஷமாகக் காலாலேயே கேட்டுக் கேட்டு, சத்தம் என்றால் தரையில் வருவது என்று ஆகிவிட்டது எனக்கு. அவன் சொன்னது சரி என்று தெரிந்ததால்தான் அவ்வளவு கோபம்.

கோபத்தோடு நானே பார்த்தேன். எங்கள் வீடு பெங்களூர் ரோட்டை ஒட்டியது. பட்டாளத்து லாரிகள் வரிசையாகப் போகும். லாரி போகும்போது குழந்தை பாயில் இருந்தால் தலையைத் திருப்பும். தூளியில் இருந்தால் திருப்பாது. தூளி என்பது உத்தரத்தில் கட்டின பழம்புடவை. தரை நடுக்கம் புடவையில் ஏறி வராது. ஒரு வாரம் பார்த்தேன். பாயில் திரும்பியது, தூளியில் திரும்பவில்லை. யாரிடமும் சொல்லவில்லை. அண்ணனுக்கும் எழுதவில்லை. நாத்தனார் பேசும்போது அவர் வாயைப் பார்க்காமல் வேறு பக்கம் பார்க்கப் பழகிக்கொண்டேன்.

ஒன்று மட்டும் சொல்ல வேண்டும். வீட்டில் யாரும் இல்லாதபோது குழந்தையை மார்போடு அணைத்துக்கொண்டு "ம்ம்... ஆ... ம்ம்... ஆ..." என்று சொல்வேன். அது பேச்சில்லை. நெஞ்செலும்பு அதிர்வது எனக்குப் பிடிக்கும். குழந்தைக்கும் பிடித்திருந்தது. எவ்வளவு அழுதாலும் அதற்கு அடங்கிவிடும். அதைச் சோதனைக் கணக்கில் சேர்க்கவில்லை. தொட்டுக்கொண்டிருந்தேன் இல்லையா, அதுவும் தரை மாதிரிதான்.

ஏழாம் மாதம் காது குத்த நாள் குறித்தார்கள். தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும், அது முறை. "கேக்காத காதுக்குத் தோடு ஒண்ணுதான் கொறச்சல்" என்றார் நாத்தனார். சொன்னாரே தவிர, தன் பெட்டியிலிருந்து ஒரு குண்டுமணித் தங்கத்தை எடுத்துத் தோட்டுக்கு ஆசாரியிடம் கொடுத்ததும் அவர்தான். அண்ணன் தட்டு வரிசையோடு முதல் வண்டியில் வந்து இறங்கினான். நான் அவனோடு பேசவில்லை. அவனும் சமாதானம் பேசாமல், பெட்டியை மூலையில் வைத்துவிட்டு, குழந்தையை வாங்கிக்கொண்டான்.

மொட்டையடித்து, சந்தனம் பூசி, அண்ணன் மடியில் உட்காரவைத்தார்கள். ஆசாரி ஒரு காதைக் குத்தும்வரை குழந்தை வெல்லத்தைச் சப்பிக்கொண்டிருந்தது. இரண்டாவது காதுக்கு அழ ஆரம்பித்தது. அப்படி ஓர் அழுகையை நான் பார்த்ததில்லை. உடம்பு முழுக்கச் சிவந்துவிட்டது. கை மாற்றிக் கை மாற்றித் தூக்கினார்கள், நிற்கவில்லை. நாத்தனார் வாங்கிக்கொண்டுபோய், பின்பக்கம் புங்கமரத்தில் கட்டியிருந்த தூளியில் போட்டு ஆட்டினார். வந்திருந்த பெண்கள் எல்லாரும் சுற்றி நின்று கூப்பிட்டார்கள். ஒருத்தி கிலுகிலுப்பையை ஆட்டினாள். கணவர் தட்டைத் தட்டினார். குழந்தை உள்ளே உதைத்து அழுகிற வேகத்தில் புடவை குலுங்கிக்கொண்டே இருந்தது.

நாத்தனார் எல்லாரையும் பார்த்துச் சொன்னார். இந்த முறை அவர் முகத்தில் ஏளனம் இல்லை. அழுதுவிடுவார் போல இருந்தது. "எத்தினி பேரு கத்தறோம். ஒரு கொரலுக்காவது நிக்குதா பாரு. நான் சொன்னா யாரு நம்புறீங்க?"

குழந்தையை வெளியே எடுக்கலாம் என்று போனேன். அண்ணன் குறுக்கே கையை நீட்டினான்.

"தூக்காத. இங்கேருந்தே கூப்டு" என்றான்.

நான் தலையை ஆட்டினேன். அத்தனை பேர் நிற்கிறார்கள். ரிப்பன் கடைக்குப் பிறகு அந்நியர் முன்னால் என் தொண்டை திறந்ததில்லை. விரலைத் தூக்கி மூன்று என்று காட்டினேன். மூன்றாம் விதி. அவனுக்குப் புரிந்தது.

"அது நீ எய்தினது" என்றான். "நான் இன்னும் கையெத்து போடல."

தூளிக்குப் பத்தடி தள்ளி, குழந்தையின் தலைமாட்டுப் பக்கம் நின்றேன். அங்கே நின்றால் குழந்தையின் கண்ணுக்கு நான் தெரிய மாட்டேன். கீழே மண். நான் எதையும் தொடவில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன். வாயைத் திறந்தேன்.

"ம்ம்... ஆ..."

என்ன சத்தம் வந்தது என்று எனக்குத் தெரியாது. பெண்கள் சட்டென்று திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தி முந்தானையால் வாயை மூடினாள். நான் நிறுத்தவில்லை. "ம்ம்... ஆ..."

புடவை குலுங்குவது நின்றது.

எனக்கு நம்பிக்கை வரவில்லை. மூச்சு வாங்க நின்றிருக்கும் என்று நினைத்தேன். அண்ணன் கையை உயர்த்தினான், நிறுத்து என்று. நிறுத்தினேன். கொஞ்ச நேரத்தில் புடவை மறுபடி குலுங்கியது. கையை இறக்கினான். கூப்பிட்டேன். நின்றது. கூட்டம் அப்படியே நிற்க, இதை மூன்று முறை செய்யவைத்தான் அந்தப் பாவி. மூன்றாவது முறை புடவை ஓரத்தில் ஒரு சின்னக் கை வந்து பிடித்துக்கொண்டது. அதன் பின்னால் சந்தனம் பூசின மொட்டைத் தலை எழும்பி, இங்கேயும் அங்கேயும் தேடி, என்னைக் கண்டுபிடித்தது.

நான் ஓடவில்லை, என்னால் முடியவில்லை. அங்கேயே மண்ணில் உட்கார்ந்து அழுதேன். என் மகளுக்குக் காது கேட்கிறது. ஊர் சிரித்த அந்தக் குரல்தான் அவளுக்குத் தெரிந்த குரல். இத்தனை வருஷம் நான் அனுப்பவே முடியாது என்று எழுதிவைத்திருந்தது, ஏழு மாதமாக அவளுக்குப் போய்க்கொண்டுதான் இருந்திருக்கிறது.

நாத்தனார் குழந்தையைத் தூக்கிவந்து என் மடியில் போட்டார். கண்ணைத் துடைத்துக்கொண்டே, என் முகத்துக்கு நேராக வந்து, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். "இன்னா கொரலும்மே இது. கய்த கத்தற மாரி கீது. நாங்க அத்தினி பேரு கொஞ்சறோம், அதுக்கு இதுதான் வோணுமாம்."

லாரிச் சத்தம் ஏன் தூளியில் எட்டவில்லை என்று அன்று மத்தியானம் கணவரைக் கேட்டேன். அவர் சிரித்தார். ரோட்டோரம் பிறந்த குழந்தைக்கு லாரிச் சத்தம் பழகிப்போயிருக்கும், தரை ஆடினால்தான் கவனிக்கும் என்றார். இதை முன்பே சொல்லியிருக்கலாமே என்று எழுதிக் காட்டினேன். "நீ எங்க கேட்ட?" என்றார். நியாயம்தான்.

சாயங்காலம் அண்ணன் பெட்டியைத் திறந்து ரிஜிஸ்தரை எடுத்தான். அதைச் சீர்வரிசையோடு சேர்த்தே கொண்டுவந்திருக்கிறான். மூன்றாம் விதியின் மேல் நான் ஒரு கோடு போட்டு அடித்தேன். கோட்டுக்குக் கீழே இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டோம். புதிதாக என்ன எழுதலாம் என்று கேட்டான். யோசிக்கணும் என்றேன்.

மறுநாள் காலை நாத்தனார் கிணற்றடியில் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றிருந்தார், குடம் இடுப்பில். அண்ணன் முதல் பஸ்ஸுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தான், அவனுக்குக் காப்பி போடப் பால் இருக்கிறதா என்று கேட்க வேண்டும். வழக்கமாக நடந்துபோய்த் தோளைத் தொடுவேன். அன்று வாசற்படியிலேயே நின்றேன்.

"அண்ணி" என்று கூப்பிட்டேன்.

குடம் விழுந்தது என் உள்ளங்காலுக்குத் தெரிந்தது. அவர் திரும்பினார்.